எடுத்தமோ?

1

இந்தக் கதையை எழுதச் சொன்னது என் கலையுள்ளம் அல்ல, டெல்சி அக்கா. போன ஞாயிறு பூசை முடிந்து, ஜெர்மனியின் பீலெஃபெல்டில் எங்கள் கத்தோலிக்கக் கோயில் வாசலில் சைக்கிள் பூட்டைத் திறந்துகொண்டிருந்தவனை மறித்துக் கேட்டார்.

"நீர் கதை எழுதிறனீர்தானே? அண்ணையைப் பற்றி ஒண்டு எழுதும். செவ்வாய்க்கு முதல் வேணும்."

"அக்கா, கதையெண்டா அது உள்ளுக்க ஊறி வரவேணும்..."

"அப்ப இண்டைக்கே ஊறப்போடும்."

இருபது வருடமாக எழுதுகிறேன். "இன்னும் எழுதுறீரோ?" என்று கேட்டவர்கள் உண்டு, எழுதித் தா என்று கேட்டவர் இவர் ஒருவர்தான். அதனால் நன்றியுடனேயே தொடங்குகிறேன்.

அண்ணை என்பது றெஜினோல்ட், டெல்சி அக்காவின் கணவர். அவருடைய சிறுநீரகங்கள் இரண்டும் கைவிட்டுக்கொண்டிருக்கின்றன. இலையுதிர் காலத்தோடு இரத்தம் சுத்தம் செய்யும் மெஷினில் படுக்க வேண்டிவரும் என்கிறார் வைத்தியர். அக்காவின் சிறுநீரகம் பொருந்துகிறது. ஒன்றைத் தருகிறேன் என்று அக்கா நிற்கிறார். வேண்டாம் என்று அண்ணை நிற்கிறார். செவ்வாய்க்கிழமை ஆஸ்பத்திரிக் குழு ஒன்று இருவரையும் விசாரிக்க நாள் குறித்து டெர்மீன் கொடுத்திருக்கிறது. (அந்தக் குழுவின் ஜெர்மன் பெயரைச் சொல்லி முடிப்பதற்குள் ஒரு பஸ்ஸைத் தவறவிடலாம்.) அண்ணையும் வருவதாகச் சொல்லியிருக்கிறார். வேண்டாம் என்பதை ஒழுங்கான ஜெர்மனில் சொல்வதற்காக.

என் கதைகளைக் கடைசி வரி வரை வாசிக்கும் ஒரே மனிதர் அவர். எழுத்துப்பிழைகளைப் பென்சிலால் வட்டம்போட்டுத் திருப்பித் தருவார். ஆகவே, வாசகரே, மன்னிக்க வேண்டும். இந்தக் கதைக்கு நீங்கள் இரண்டாவது ஆள். முதல் வாசகரின் தோளுக்கு மேலால் எட்டிப் பார்க்கிறீர்கள். பாருங்கள், அவர் ஒன்றும் சொல்லமாட்டார்.

2

எழுதி வெட்டிய தொடக்கங்கள்.

"பனிப்போர்வை போர்த்திய அப்புனித மலை, ஆயிரமாண்டு மௌனத்தின் அடியாழத்திலிருந்து அவரை—"

(அண்ணையும் அக்காவும் மலையேறிய ஜப்பானுக்கு நான் போனதில்லை. எனக்குத் தெரிந்த சிகரம், பீலெஃபெல்ட் கோட்டைக்கு ஏறும் மேடு. அங்கேயும் பாதி வழியில் உட்கார ஒரு வாங்கு இருக்கிறது, அதோடு நின்றுவிடுவேன். "அங்க பனி இருந்ததோ அக்கா?" என்று கேட்டேன். "பனியோ? நுளம்புக்கடி" என்றார்.)

"மனிதன் ஏன் மலையேறுகிறான்?"

(மனிதனைப் பற்றித் தெரியாது. றெஜினோல்ட் அண்ணை ஏறியது லொத்தரில் விழுந்ததால்.)

அதுதான் உண்மையான தொடக்கம். எங்கள் பங்கின் கோடை விழாவில் சீட்டிழுப்பு. முதல் பரிசு, ஒரு பயண முகவர் நன்கொடையாகக் கொடுத்த, இருவருக்கான ஜப்பான் மலை யாத்திரை. வழிகாட்டி உண்டு, மௌனம் உண்டு, காலை உணவு உண்டு. 'உன்னை இழந்து உன்னைக் கண்டடை' என்று அதன் விளம்பரத்தில் இருந்தது. வேற்றுச் சமய மலைக்குக் கத்தோலிக்கக் கோயில் ஆள் அனுப்புவதைப் பாதிரியார் கவனித்ததாகத் தெரியவில்லை. அவர் சொசேஜ் சுடும் பக்கம் நின்றார்.

அண்ணைக்குத்தான் அதிர்ச்சி. "பரிசு எடுக்கிறதுக்கே நான் ரிக்கற் எடுத்தனான்? கோயிலுக்கு உதவியா இருக்கட்டுமெண்டு எடுத்தது. திருப்பிக் குடுக்கேலாதோ?"

ஏலாதாம். வேறு பெயருக்கு மாற்றவும் ஏலாதாம். போகாவிட்டால் வீணாகும். ஒன்றை வாங்கிக்கொள்வதைவிட அதை வீணாக்குவது பெரிய பாவம் என்று நம்பும் மனிதரை ஜப்பானுக்கு விமானமேற்ற வேறு வழி இருக்கவில்லை. மெல்ல நடந்தால் நல்லது என்று வைத்தியரும் சொன்னார்.

3

மலையின் பெயரை எழுதப்போவதில்லை. அக்கா ஒரு பெயர் சொல்கிறார், அண்ணை இன்னொன்று. இரண்டுமே சாப்பாட்டுக் கடைப் பெயர்களாக இருக்கலாம்.

வழிகாட்டி கொண்டோ என்ற அம்மையார். வெள்ளை உடை, இடுப்பில் சங்கு. ("எங்கட கோயில் சங்கைவிடப் பெரிசு" என்றார் அண்ணை. எங்கள் கோயிலில் ஏது சங்கு? இது நான் சொருகியது. வட்டம் போடுவார், பாருங்கள்.) அம்மையார் ஜப்பானிய மொழியில் சொல்ல, கூடப் போன பயண அமைப்பாளர் ஜெர்மனில் சொன்னார். மலையில் பேசக்கூடாது. வழிகாட்டி எது சொன்னாலும் ஏன், எதற்கு என்று கேட்கக்கூடாது. ஒரே ஒரு சொல்தான் அனுமதி: உகெத்தமோ. 'பணிந்து ஏற்றுக்கொள்கிறேன்' என்று அர்த்தமாம்.

அண்ணை முப்பது வருடம் இரும்புத் தகடு வெட்டும் தொழிற்சாலையில் நின்றவர். இடக்காது பாதிதான் வேலை செய்யும். விளக்கம் சொன்ன நேரம் அவர் சப்பாத்து நாடா கட்டிக்கொண்டிருந்தார்.

கொண்டோ அம்மையார் சங்கை ஊதி, நடப்போம் என்றார். ஜெர்மன்காரர் எல்லோரும் ஒரே குரலில் முழங்கினார்கள்: "உகெத்தமோ!"

அண்ணையின் காதில் விழுந்தது: "எடுத்தமோ?"

தொப்பி, தண்ணீர், கடவுச்சீட்டு எல்லாம் எடுத்தோமா என்று கேட்கிறார்கள். எவ்வளவு பொறுப்பான ஆட்கள். அண்ணை பையைத் தட்டிப் பார்த்துவிட்டு, பதில் சொன்னார்.

"ஓம்."

ஆம் என்பதை யாழ்ப்பாணத்தில் பிறந்தவர் வேறு எப்படிச் சொல்வார்?

ஆனால் முன்னால் நின்றவர் உட்டே. ஹம்பேர்க்கில் யோகா வகுப்பு நடத்துபவர். அவர் மெல்லத் திரும்பினார். கறுத்த, நரைத்த, தேய்ந்த சப்பாத்துப் போட்ட ஒரு மனிதர், கண்ணை அரைவாசி மூடி (நுளம்பு), ஓங்காரம் சொல்கிறார். உட்டே கைகூப்பினார். அண்ணை மரியாதைக்குத் திருப்பிக் கைகூப்பினார். அவர் கழுத்தில் தொங்கிய அந்தோனியார் பதக்கமும் கூடவே ஆடியது.

ஆற்றங்கரையில்: "உகெத்தமோ!" — "ஓம்." பெரிய மரத்தடியில்: "உகெத்தமோ!" — "ஓம், ஓம்." வழியில் மூவர் அவருக்குப் பின்னால் வரிசை பிடித்துவிட்டார்கள். அவர் மூச்சு வாங்க நின்றால் அவர்களும் நின்று, ஆழமாக மூச்சு வாங்கினார்கள்.

(உட்டே பற்றி எனக்குச் சந்தேகம் இருக்கிறது. இப்படியொரு பெண் கதைக்கு வசதியாக வந்து நிற்கமாட்டாரே. "அவ யோகா இல்லை, பல் டொக்டர்" என்கிறார் அண்ணை. "பல் டொக்டர் வேற ஆள்" என்கிறார் அக்கா. யோகாவையே வைத்துக்கொண்டேன். பல் டொக்டர்களைப் பகைக்கும் வயது எனக்கில்லை.)

4

உச்சிக்குக் கிட்ட ஒரு இடம் இருக்கிறது. அங்கே பார்த்ததை வெளியே சொல்லக்கூடாது என்பது மலையின் விதி. அக்கா சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

அதற்குச் சற்றுக் கீழே நடந்ததைச் சொல்லத் தடை இல்லை. கொண்டோ அம்மையார் சொன்னார்: கூட வந்தவரைப் பார்த்து ஒரு வசனம் சொல்லுங்கள். கேட்பவர் அந்த ஒரு சொல்லை மட்டும் சொல்லட்டும். தனியாக வந்தவர்கள் மரத்திடம் சொல்லலாம். உட்டே ஹம்பேர்க்கில் விட்டுவந்த ஒரு விசயத்தை ஒரு மரத்திடம் நெடுநேரம் சொன்னார். மரம் ஏற்றுக்கொண்டிருக்க வேண்டும்.

டெல்சி அக்கா சொன்னார்: "என்ர கிட்னியில ஒண்டை எடுங்கோ."

அண்ணை அவரைப் பார்த்தார். மழை தூறிக்கொண்டிருந்தது. பிறகு...

பிறகு, "ஓம்" என்றார்.

5

ஞாயிறு பின்னேரமே அவர்கள் வீட்டுக்கு விசாரணைக்குப் போனேன். எதற்கு வந்தேன் என்று அண்ணைக்குத் தெரியும். எனக்குக் கோப்பை நிறையத் தேநீர். தனக்கு அடியில் மூன்று மிடறு. அவருக்கு இப்போது தண்ணீரும் அளந்துதான்.

"அது மலைக்குச் சொன்ன ஓம்" என்றார். "வீட்டுக்குச் செல்லாது."

"என்ன, பஸ் ரிக்கற்றோ? அந்த எல்லைக்குள்ள மட்டும் செல்லுறதுக்கு?" என்றார் அக்கா.

"இஞ்ச பாரும், காலமை துவக்கம் எல்லாரும் எடுத்தமோ, எடுத்தமோ எண்டு கேட்டுக்கொண்டே வந்தவை. நானும் ஓம், ஓம் எண்டு சொல்லிக்கொண்டு வந்தனான். வாய்ப் பழக்கத்தில வந்திட்டுது."

"அந்த நேரம் பக்கத்தில ஆரும் கத்தினவையோ? ஒருத்தரும் கத்தேல்லை. நான்தான் கேட்டனான். எனக்குத்தான் சொன்னனீங்கள்."

இது நல்ல வாதம். துப்பறியும் கதையாக இருந்தால் இந்த இடத்தில் நான் எழுந்து நின்றிருப்பேன். பலகாரம் இருந்ததால் எழவில்லை.

"முப்பது வருசமா என்ர மூளையை எடுத்தனீங்கள். கிட்னிக்கு மட்டும் என்ன வந்தது?"

"மூளை திருப்பி வளரும்."

"ஆருக்கு?"

சிரித்தோம். அக்கா சிரித்தபடியே எழுந்து உள்ளே போனார். திரும்பி வர நேரமெடுத்தது. அப்போதுதான் அண்ணை மெதுவாகச் சொன்னார்.

"தம்பி, அவ அங்க முதியோர் இல்லத்தில கிழடுகளைத் தூக்கிற ஆள். அவவுக்கு ஏதும் நடந்தா? சரி, நடக்காதெண்டு வையும். குடுக்கிறவை குடுத்திட்டுப் போயிடுவினம். எடுக்கிறவன்தான் பிறகு ஒவ்வொரு நாளும் அதைப் பாத்துக்கொண்டிருக்கவேணும். உமக்கு உது விளங்காது."

6

முடிவுகள்.

(அ) செவ்வாய்க்கிழமை. குழுத் தலைவர் கேட்கிறார். அண்ணை எழுந்து, கண்ணீர் மல்க, தமிழ்ப் பண்பாட்டில் தாம்பத்தியத்தின் மேன்மை குறித்து— (வேண்டாம். குழுவில் ஒருவர் மணிக்கூட்டைப் பார்க்கிறார்.)

(ஆ) அண்ணை வேண்டாம் என்கிறார். அக்கா காரை வீட்டுக்கு ஓட்டுகிறார். மெஷின், ஒருநாள் விட்டு ஒருநாள். அக்காவின் இரண்டு சிறுநீரகங்களும் பத்திரமாக, அண்ணைக்குப் பக்கத்துக் கதிரையில் அமர்ந்து, அவர் படுத்திருப்பதைப் பார்த்துக்கொண்டு. (இதையும் எழுதிப் பார்த்தேன். இந்த வசனத்தில் பேனா நின்றுவிட்டது. பேனா என்பது சும்மா பேச்சுக்கு, கணினி.)

(இ) உட்டே வந்து, நான் தருகிறேன் என்கிறார். (உட்டேக்கு இந்தக் கதையில் இதுவரை கிடைத்த இடம் போதும்.)

7

இனி மற்ற வாசகர்கள் கொஞ்சம் தள்ளி நில்லுங்கள்.

அண்ணை, எனக்கு விளங்காது என்று சொன்னீர்கள். அதில்தான் நீங்கள் வட்டம் போட வேண்டிய பிழை இருக்கிறது, அதுவும் உங்களுடைய பிழை.

நான் இந்த ஊருக்கு வந்து இறங்கிய ஜனவரியில் ஸ்ரேசனுக்கு என்னைக் கூட்டிப்போக வந்தவர் நீங்கள். பருத்திச் சட்டையோடு பல்லடித்துக்கொண்டு நின்றேன். போட்டிருந்த கோட்டைக் கழற்றித் தந்தீர்கள். "போடும், எனக்கு வேர்க்குது" என்றீர்கள். ஜனவரியில். வீடு வரைக்கும் நடந்தோம்; உங்களுக்கு வேர்த்து வேர்த்து உதடு நீலமாகிவிட்டது. நன்றி சொல்ல வந்தபோதெல்லாம், "விடும் தம்பி" என்றீர்கள். சாப்பிடக் கூப்பிட்டால், இப்பதான் சாப்பிட்டுவிட்டு வாறன் என்றீர்கள்.

அந்தக் கோட்டு இன்னும் என் வாசலில் தொங்குகிறது. எடுத்தவன் நான். நீங்கள் சொன்னபடியே, ஒவ்வொரு நாளும் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறேன். வேலைக்குப் போகும்போது ஒருதரம், வரும்போது ஒருதரம். அது பாரமாக இருந்திருந்தால் எப்போதோ பழைய உடுப்புத் தர்மப் பெட்டிக்குள் போட்டிருப்பேன். பார்க்கிற நேரமெல்லாம், இந்த ஊரில் எனக்கு ஒருவர் இருக்கிறார் என்று நினைப்பேன். அவ்வளவுதான் அண்ணை நடக்கும். அன்று நான் வேண்டாம் என்று சொல்லியிருந்தால் கோட்டை நீங்களும் போடாமல் கையில் பிடித்தபடி, இருவருமே குளிரில் நடந்திருப்போம்.

நீங்கள் மலையில் சொன்ன ஓம் யாருக்குச் சொன்னது என்று நான் தீர்ப்புச் சொல்லப்போவதில்லை. கதாசிரியர்கள் பெரிய ஆட்கள் போல் நடிப்பதெல்லாம் இப்படியான இடங்கள் வரும்வரைக்கும்தான். முடிவை எழுதாமலே தாள்களை இன்றைக்கே உங்கள் தபால் பெட்டியில் போடுகிறேன். பென்சிலைக் கூராக்கி வைத்திருங்கள்.

செவ்வாய்க்கிழமை அந்தக் குழு உங்களை நீளமான ஜெர்மனில் கேட்கும். அக்கா உங்கள் வலப்பக்கம் இருப்பார், கேட்கிற காதின் பக்கம். கேள்வி பிடிபடாவிட்டால் பரவாயில்லை; அவர்கள் கேட்பது தமிழில் ஒரே ஒரு சொல்தான்.

அண்ணை, எடுத்தமோ?