இஸ்திரிப் பெட்டியில் வெந்த ரொட்டி

இராமலட்சுமி ஆச்சி வீட்டில் சாப்பிட்டவர்கள் யாரும் இன்னும் கொஞ்சம் வேண்டும் என்று கேட்டதே கிடையாது. கேட்க விட்டால்தானே! இலையில் குழம்பு வற்றுவதற்குள் அடுத்த கரண்டி வந்து விழும். ஒரு பணியாரத்தைக் கடித்துக்கொண்டிருக்கும்போதே இன்னும் இரண்டு வந்து உட்காரும். கடைசியில் சாப்பிடுகிறவர் இரண்டு கையாலும் இலையை மறைத்துக்கொண்டு, "போதும் ஆச்சி, போதும்" என்று கெஞ்ச வேண்டும். அந்தக் கெஞ்சலைக் கேட்டால்தான் ஆச்சிக்கு அடுப்படியில் நின்ற களைப்பு தீரும்.

கணவர் காலமான பிறகு ஆச்சி கடலுக்கு அப்பால், ஈப்போ பக்கத்து லகாட்டில் தம்பி தேனப்பனோடு இருந்தாள். தேனப்பனுக்கு ஈப்போவில் ஜவுளிக்கடை. அக்கா வந்து சேர்ந்த பிறகு அவன் இடுப்பு பெருத்த வேகத்தைப் பார்த்து, சொந்தத்தில் துணிக்கடை இருப்பது நல்லதாகப் போயிற்று என்று சிநேகிதர்கள் கேலி செய்வார்கள். ஆச்சி அதையும் பாராட்டாகவே எடுத்துக்கொள்வாள்.

அப்பேர்ப்பட்ட கை எழுபத்தெட்டாம் ஆண்டு மழைக்காலத்தில் தோற்றுப்போனது. தேனப்பனின் மனைவி சாலா முழுகாமல் இருந்தாள். மசக்கை என்றால் ஊரில் இல்லாத மசக்கை. ஆச்சி இடியாப்பம் பிழிந்தாள், ரசம் வைத்தாள், பூண்டைச் சுட்டு மசித்துக் கொடுத்தாள், மாங்காய் மண்டி செய்தாள். ஒன்றும் தங்கவில்லை. அது பழைய பலகை வீடு. அறைக்கும் அடுப்படிக்கும் நடுவிலிருந்த சுவர் கூரை வரைக்கும் எட்டாது. கடுகு வெடித்தால் போதும், வாசம் சுவரேறிக் குதித்து சாலாவின் கட்டிலுக்கு வந்துவிடும். அவள் வாயைப் பொத்திக்கொண்டு பின்கட்டுக்கு ஓடுவாள்.

"சோறோ கஞ்சியோ, எதையாவது வயித்துல தங்க வைங்க" என்று கிளினிக் டாக்டர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். தேனப்பனும் ஒரு முடிவுக்கு வந்தான். இந்த வாரத்துக்குள் சரியாகாவிட்டால் சாலாவைப் பினாங்கில் கப்பலேற்றித் தேவகோட்டைக்கு, அவள் அம்மா வீட்டுக்கு, அனுப்பிவிடுவது.

கப்பல் என்றதும் சாலாவின் முகம் செத்துவிட்டது. முதல் பிள்ளைக்கும் அப்படித்தான் போனாள். போன இடத்தில் பிள்ளை தங்கவில்லை. திரும்பி வந்தவளை அழைத்து வரப் போன ஆச்சிக்கு, அன்றைக்குத் துறைமுகத்தில் அவள் வெறுங்கையோடு படியிறங்கிய காட்சி இன்னும் கண்ணை விட்டுப் போகவில்லை.

"நான் இங்கயே இருக்கேன் ஆச்சி. அவுககிட்ட நீங்க சொல்லுங்க" என்றாள் சாலா.

"நீ ரெண்டு வாய் சாப்புடு ஆத்தா. நான் சொல்லவே வேண்டியதில்ல" என்றாள் ஆச்சி. அந்த ரெண்டு வாய்தானே பெரும்பாடாக இருந்தது.

பக்கத்து வீட்டு டோரிஸ் அன்று மத்தியானம் ஷிப்ட் முடிந்து வந்தவள், சாலாவை எட்டிப் பார்த்தாள். தாப்பா பக்கத்து ரப்பர் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவள். ஈப்போ டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆபரேட்டராக இருந்தாள். சமையல் என்றால் அவளுக்கு எட்டிக்காய். அவள் வைத்த மீன் குழம்பை அவள் புருஷன் அலெக்சாண்டரே திருட்டுத்தனமாகப் பூனைக்குப் போடுவான் என்று ஆச்சிக்குத் தெரியும். அந்த டோரிஸ் சாலாவின் கட்டிலருகே நின்று மூக்கை உறிஞ்சிப் பார்த்துவிட்டு, "அடுப்ப அணைங்க ஆச்சி" என்றாள்.

"அடுப்ப அணச்சுட்டு எதுல சமைக்கிறது?"

"உங்க வீட்டு அயர்ன் எங்க இருக்கு?"

ஆச்சி மூக்கின்மேல் விரலை வைத்தாள். ஆனால் டோரிஸ் கேட்டுக்கொண்டு நிற்கவில்லை. தன் வீட்டுக்குப் போய்ப் பாதி ரொட்டியும் பட்டரும் நீல நிற டின் ஒன்றும் கொண்டு வந்தாள். கொல்லையில் ஒரு வாழையிலை அறுத்தாள். தேனப்பன் சட்டை தேய்க்கும் மேசையைச் சாலாவின் கட்டிலுக்குப் பக்கத்திலேயே இழுத்துப் போட்டாள்.

டின்னைத் திறந்ததும் ஆச்சி எட்டிப் பார்த்தாள். உள்ளே மஞ்சளாக ஒரு கட்டி. துணி துவைக்கிற சவுக்காரம் மாதிரி இருந்தது.

"இதான் சீஸா?"

"ஆமா ஆச்சி. பால்தான். பயப்படாதீங்க லா."

டோரிஸ் அதை மெல்லிசாக அரிந்து இரண்டு ரொட்டித் துண்டுக்கு நடுவில் வைத்தாள். ரொட்டியின் வெளிப்பக்கம் பட்டர் தடவினாள். வாழையிலையில் பொட்டலம்போல் மடித்து, கரண்டில் சூடேறிய இஸ்திரிப் பெட்டியை அதன்மேல் வைத்து, சட்டைக் காலரைத் தேய்க்கிறவளைப்போல் நிதானமாக அழுத்தினாள். உஸ்ஸென்று ஒரு சத்தம். புரட்டினாள். மறுபடி அழுத்தினாள்.

"எக்ஸ்சேஞ்சுல எங்க ரெஸ்ட் ரூம்ல அடுப்பு வைக்கக் கூடாது. யூனிபார்ம் தேய்க்க அயர்ன் மட்டும் இருக்கும். நாள் பூரா 'ஹலோ ஹலோ'ன்னு கத்திட்டு வந்து உக்காந்தா, இத விட்டா வேற எதுவும் தொண்டையில எறங்காது" என்றாள் டோரிஸ். கருகிய இலையை விலக்கினாள். ரொட்டி பொன்னிறமாகத் தட்டையாகியிருந்தது. குறுக்கே வெட்டியபோது சீஸ் உருகி நூலாக இழுத்தது.

வாசம் என்று பார்த்தால் சுட்ட ரொட்டி வாசம், கொஞ்சம் இலை வாசம். அவ்வளவுதான். சாலா ஒரு ஓரத்தைக் கடித்தாள். ஆச்சி செம்பும் துண்டுமாகத் தயாராக நின்றாள். சாலா இன்னொரு கடி கடித்தாள். முழுவதையும் தின்று, தண்ணீர் குடித்து, சுவர்ப்பக்கம் திரும்பித் தூங்கியும் போனாள். பின்கட்டுக்கு ஓடவில்லை.

ஆச்சிக்குச் சந்தோஷத்தில் கண் நிறைந்தது. சந்தோஷத்தோடு கொஞ்சம் வயிற்றெரிச்சலும் இருந்தது, அதை ஏன் மறைக்க வேண்டும்? முப்பது வருஷக் கைப்பக்குவத்தை ஒரு சவுக்காரக் கட்டி ஜெயித்துவிட்டது. ஆனாலும் டோரிஸின் சாமர்த்தியத்தை அவளால் மெச்சாமல் இருக்க முடியவில்லை. நோயாளியை அடுப்புக்குப் பயந்து ஓட விடாமல், அடுப்பே இல்லாமல் சமையலைக் கட்டிலுக்குக் கொண்டுவந்துவிட்டாளே! இது தனக்கு ஏன் தோன்றவில்லை?

மறுநாளும் டோரிஸே வந்து செய்தாள். அதுவும் தங்கியது. அதற்கு அடுத்த நாள் பாரிட் புந்தாரில் அவள் நாத்தனார் மகளுக்குக் கல்யாணம். புறப்படும்போது டின்னை ஆச்சியிடம் கொடுத்து, "நாளைக்கி நீங்க செஞ்சி குடுங்க. ஆனா கோசோங் ஆச்சி, கோசோங். வேற ஒண்ணும் போட்டுடாதீங்க லா" என்று சொல்லிவிட்டுப் போனாள். கடையில் பால் சீனி இல்லாத வெறுங்கோப்பிக்குச் சொல்கிற சொல் அது. ஒன்றும் சேர்க்காதது என்று பொருள்.

ஆச்சிக்குச் சொல் புரிந்தது. ஆனால் கை கேட்கவில்லை. ஒன்றும் போடாமல் ஒரு சாப்பாடா? பாவம், தோட்டத்துப் பெண், அதற்கு மேல் தெரியாது. மசக்கைக்காரிக்குச் சோம்பு நல்லதாயிற்றே. மிளகு பித்தத்துக்கு நல்லது. இரண்டே இரண்டு சின்ன வெங்காயம் நெய்யில் வதக்கி உள்ளே வைத்தால் என்ன குடி முழுகிவிடும்? அடுப்பை ஒரு நிமிஷம்தானே மூட்டப் போகிறோம்.

வெங்காயம் நெய்யில் விழுந்த சத்தத்திலேயே அடுத்த அறையில் சாலா எழுந்து உட்கார்ந்துவிட்டாள். ஆனாலும் ஆச்சி ஆசையாகக் கொண்டுவந்து நீட்டியதை மறுக்க மனமில்லாமல் ஒரு வாய் கடித்தாள். கடித்தவள் பின்கட்டுக்குப் போய்ச் சேரக்கூட இல்லை. அறை வாசலிலேயே எல்லாம் வந்துவிட்டது.

சாயங்காலம் தேனப்பன் கடையை அடைத்துவிட்டு வந்தபோது சாலா கிழிந்த நாராகக் கிடந்தாள்.

"அந்த ரொட்டியும் தங்கலயா ஆச்சி?"

ஆச்சி சாலாவின் போர்வையை இழுத்துவிட்டாள்.

"அப்பச் சரி. இனிமே பாத்துக்கிட்டு இருக்க முடியாது. காலையில பினாங்குக்குப் போய் டிக்கட் எடுத்துட்டு வந்துர்றேன்." அவன் அலமாரியிலிருந்து ஒரு வெள்ளைச் சட்டையை எடுத்து இஸ்திரி மேசைமேல் போட்டான். அவனுக்கும் சாலாவை அனுப்ப ஆசையில்லை. பயம் அவனை அப்படிப் பேச வைத்தது. சாலா முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாள். தோள் மட்டும் குலுங்கியது.

ஆச்சிக்கு அந்தத் தோளைப் பார்க்க முடியவில்லை. ரொட்டியின்மேல் பழியைப் போட்டுவிட்டு அவள் பேசாமல் இருந்திருக்கலாம். யாருக்கும் தெரியப்போவதில்லை. சாலா காட்டிக்கொடுக்கிறவளும் இல்லை. ஆனால் சும்மா இருந்தால் இந்தப் பெண் மறுபடியும் கப்பலேறுவாள்.

"தேனா, ரொட்டி மேல குத்தமில்ல" என்றாள் ஆச்சி. "என் கைதான் கெடுத்துச்சு. ஒண்ணும் போடாதீங்கன்னு டோரிஸ் படிச்சுப் படிச்சுச் சொல்லிட்டுப் போனா. நான் சோம்பு போட்டேன், மிளகு போட்டேன், வெங்காயத்த வதக்கிப் போட்டேன். இவ இத்தனை நாள் வாந்தி எடுத்ததும் என் தாளிப்பாலதான்."

அக்கா தன் சமையலில் குற்றம் சொல்லித் தேனப்பன் பிறந்ததிலிருந்து கேட்டதில்லை.

ஆச்சி அடுப்படிக்குப் போய்த் தணலில் தண்ணீரை ஊற்றினாள். கையைச் சவுக்காரம் போட்டு இரண்டு தடவை கழுவி, சோம்பு வாசம் போய்விட்டதா என்று முகர்ந்து பார்த்தாள். கொல்லையில் இலை அறுத்து வந்து, தேனப்பனின் சட்டையை நாற்காலிக்குத் தள்ளிவிட்டு, பெட்டியைச் சூடு பண்ணினாள். ரொட்டி, சீஸ், மேலே பட்டர். மடித்தாள். கை தானாக மிளகுப் பொடி டப்பா இருக்கும் திசைக்குப் போனது. இழுத்துக்கொண்டாள். அமிர்தமும் மிஞ்சினால் நஞ்சு என்று ஊருக்கெல்லாம் சொல்கிறவள்தான். ஒன்றும் செய்யாமல் கையைக் கட்டி வைப்பது எவ்வளவு கஷ்டம் என்று அப்போதுதான் தெரிந்தது. இதை எவ்வளவு லேசாகச் செய்தாள் அந்த டோரிஸ்! மீன் குழம்பு வைக்கத் தெரியாதவள் என்று நினைத்தோமே, எங்கே நிறுத்த வேண்டும் என்று அவளுக்கல்லவா தெரிந்திருக்கிறது.

உஸ்ஸென்றது இலை. புரட்டி அழுத்தினாள். குறுக்கே வெட்டி, தட்டோடு சாலாவின் பக்கத்தில் வைத்தாள். சாப்பிடு என்று வற்புறுத்தவில்லை.

கொஞ்ச நேரம் கழித்துச் சாலா திரும்பினாள். ஒரு துண்டை எடுத்து முகர்ந்தாள். கடித்தாள். தேனப்பன் தூணைப் பிடித்துக்கொண்டு நின்றான். மழை கூரைத் தகரத்தில் கொட்டிக்கொண்டிருந்தது. சாலா இரண்டு துண்டையும் தின்று முடித்து, தட்டில் ஒட்டியிருந்த சீஸை விரலால் வழித்து நக்கினாள். கண்ணில் ஒரு வெளிச்சம் வந்திருந்தது.

"ஆச்சி, இன்னொண்ணு கிடைக்குமா?"

ஆச்சி அப்படியே நின்றுவிட்டாள். எத்தனை பேருக்குப் போட்ட கை அது! இன்னொன்று வேண்டும் என்று இன்றைக்குத்தான் ஒருத்தி வாய்விட்டுக் கேட்கிறாள். கண்ணீர் முட்டிக்கொண்டு வந்தது. முந்தானையில் துடைத்துக்கொண்டு, டின்னைப் பக்கத்தில் இழுத்தாள்.

தேனப்பன் நாற்காலியில் கிடந்த வெள்ளைச் சட்டையை எடுத்துத் தயங்கித் தயங்கி நீட்டினான். "காலையில போறதுக்கு இதத் தேய்க்கணும் ஆச்சி..."

"அத உள்ள கொண்டுபோய் வையி தேனா" என்றாள் ஆச்சி, ரொட்டியை அரிந்துகொண்டே. "பெட்டி காலியா இல்ல."