மூன்று தட்டு

அறைக்கு வெளியே இருந்தவர்கள்: இயக்குநர், அவருடைய மச்சானான கேமராமேன், சவுண்டுக்கு நான். உள்ளே கேமராவோடு நடிகை மட்டும். எங்களுக்கு அவர் அக்கா.

அந்தக் கேமரா ஒரே நேரத்தில் எல்லாப் பக்கமும் பார்க்கும். அறைக்குள் யார் நின்றாலும் படத்தில் விழுந்துவிடுவார்கள். அதனால் நடிக்கிறவரைத் தனியாக விட்டுக் கதவைச் சாத்திவிடுவோம். படப்பிடிப்பு நடக்கும்போது எங்களுக்குக் கிடைப்பது சத்தம் மட்டும், ஹெட்போனில்.

காட்சி இதுதான்: பிள்ளையைப் பறிகொடுத்த தாய், கேமராவையே பிள்ளையாக நினைத்துப் பேசுகிறாள். முடியவில்லை என்றால் மேசையை மூன்று முறை தட்டுங்கள், உடனே வருகிறோம் என்று இயக்குநர் வாக்குக் கொடுத்திருந்தார்.

அக்கா தட்டினார். நான் எழுந்தேன். இயக்குநர் என் தோளை அமுக்கி உட்காரவைத்தார். மறுபடியும் தட்டினார். பிறகு வசனத்தில் இல்லாத ஒரு பெயரைச் சொல்லிக் கூப்பிட்டு அழுதார். அந்த அழுகையை நான் ஹெட்போனைக் கழற்றாமல் கேட்டேன். அது என் வேலை.

கதவைத் திறந்தபோது அக்கா முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார். இயக்குநரைப் பார்த்துக் கேட்டார்.

"தட்டினேனே தம்பி, கேக்கலையா?"

"கேட்டுச்சுக்கா. அந்த நேரத்துல உள்ள வந்திருந்தா எல்லாம் போயிருக்கும். இதுதான் படமே."

"அது என் பையன் பேரு. அழிச்சிடு."

"பேரை மட்டும் வெட்டிடலாம்."

"அழுகையை?"

மச்சான் குறுக்கே புகுந்தான். "விருது வாங்குற அன்னிக்கு நீங்களே சிரிப்பீங்க."

"அன்னிக்கு நீ அழு. நான் பாத்துச் சிரிக்கிறேன்."

பையை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

"ரெண்டு நாள் போனா சரியாயிடுவாங்க," என்றார் இயக்குநர்.

கேமராவுக்குள் ஓடும் விசிறியின் இரைச்சல் பதிவாகாமலிருக்க அதன் மைக்கை அணைத்திருந்தோம். அக்காவின் குரல் என் ஒலிப்பதிவுப் பெட்டியில் மட்டும்தான் இருந்தது. குரல் போனால் இயக்குநருக்கு அந்தப் படம் உதவாது. அழித்தேன். அழித்ததை அவரிடமே சொன்னேன்.

"கிறுக்கா உனக்கு?"

"அவங்க அழிக்கச் சொன்னாங்க."

"என்கிட்ட சொன்னாங்க. உன்கிட்டயா?"

மச்சான் என் வயர்களைச் சுருட்டாமல் அள்ளிக் கையில் திணித்தான்.

"அக்கா நம்பர் குடுங்க. அந்த அழுகை இப்ப இல்லேன்னு சொல்லணும்," என்றேன்.

"இனிமே இந்தப் பக்கம் வராதே," என்றார் இயக்குநர்.

வாசலைத் தாண்டினேன். எனக்குப் பின்னால் கதவைச் சாத்திப் பூட்டினார்கள்.