யார் பின்னால் நிற்பது

கபஹுமாவின் வாழைத் தோட்டம் ஊரிலேயே நல்ல மண்ணில் இருந்தது. அதுதான் வினை. புருஷன் போன இரண்டாம் வருஷம் அவனுடைய அண்ணன் ருவஹேரு வந்து, "இது எங்க அப்பன் மண்ணு, கட்டிக்கிட்டு வந்தவளுக்கு என்ன பாத்தியதை?" என்று எல்லைச் செடியைப் பிடுங்கி உள்ளே தள்ளி நட்டுவிட்டான். அடுத்த மாசம் இன்னும் கொஞ்சம் தள்ளி நட்டான். இப்படியே போனால் அடுப்படியில்தான் வந்து நிற்பான் என்று கபஹுமாவுக்குத் தெரிந்தது.

கேட்கப் போனால் ஊர்க் கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும். ஊர்த் தலைவர்தான் அதைக் கூட்டுவார், கூட உட்காருகிறவர்களையும் அவர்தான் பொறுக்குவார். பழைய தலைவர் கண்ணும் தெரியாமல் காதும் கேட்காமல் கட்டிலோடு கிடந்தார். அந்த நேரம் பார்த்து, வருஷக்கணக்காக நடக்காமல் கிடந்த ஊர்த் தேர்தலை நடத்தப் போகிறோம் என்று அரசாங்கம் அறிவித்தது. நின்றவர்கள் இரண்டு பேர். ஒருத்தர் காப்பிக்கொட்டை வியாபாரி குகொன்சா, தங்கமான மனுஷர். இன்னொருத்தன் யாரென்று நினைக்கிறீர்கள்? ருவஹேருதான்.

சீட்டும் கிடையாது, பெட்டியும் கிடையாது. ஊர் ஊருக்குச் சீட்டு அடிக்கக் காசில்லையாம். யார் வேண்டுமோ அவர் முதுகுக்குப் பின்னால் வரிசையாக நில்லுங்கள், தலையை எண்ணிக்கொள்கிறோம் என்று சொல்லிவிட்டார்கள்.

தண்ணீர் எடுக்கிற இடத்தில் பெண்களுக்கு ருவஹேருவைப் பற்றித்தான் பேச்சு.

"மாவு மில்லு அவனுது. அவன் எதிர நின்னா அப்புறம் சோளத்தை யாரு அரைச்சுக் குடுப்பா? பல்லால கடிச்சு அரைக்கவா?"

"உனக்குத்தான் பல்லே இல்லையே, நீ எதுக்குடி பயப்படுற?"

சிரித்தார்கள். ஆனால் ஒவ்வொருத்தியாகக் கபஹுமாவின் வீட்டுப் பக்கம் வந்து, "கவலைப்படாத அப்வோலி, நாங்க குகொன்சா பக்கந்தான்" என்று காதோடு சொல்லிவிட்டுப் போனார்கள். எங்கள் பக்கம் ஒருத்தரை வெறும் பெயர் சொல்லிக் கூப்பிடுவது மரியாதை இல்லை. எல்லோருக்கும் ஒரு செல்லப் பெயர் உண்டு. கபஹுமா அப்வோலி, ருவஹேரு அமோத்தி. வெட்டுப்பழி குத்துப்பழி என்றாலும் அந்தப் பெயரைச் சொல்லித்தான் கும்பிடு போட வேண்டும்.

தேர்தலுக்கு முந்தின நாள் மத்தியானம், கபஹுமா வாழைக்காயை உரித்துக்கொண்டிருந்தபோது ருவஹேருவே வந்தான். வாசலில் நின்று பணிவாக, "அப்வோலி, சௌக்கியமா?" என்றான்.

"இருக்கேன் அமோத்தி. எல்லைச் செடி எப்படி இருக்கு? நல்லா நடக்குதா?"

அவன் கோபிக்கவில்லை. "வாய் மட்டும் குறையல உனக்கு. கேளு. நாளைக்கு எம் பின்னால நில்லு. கீழ்ப்பாதித் தோட்டத்தை உனக்கே விட்டுடறேன். உம் பிள்ளைங்க என் தம்பி ரத்தம், தெருவுல விட்டுருவனா?"

"நிக்கலேன்னா?"

"நான் எப்படியும் ஜெயிப்பேன் அப்வோலி. அதுக்கப்புறம் நீயா வந்து கேட்டா நல்லா இருக்காது."

அவன் போன பிறகு வெகுநேரம் அவள் கத்தியைக் கையிலேயே வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். குகொன்சா ஜெயித்தால் முழுத் தோட்டமும் பிழைக்கும். தோற்றால் ஒன்றும் மிஞ்சாது. ருவஹேரு பின்னால் நின்றால் பாதியாவது மிஞ்சும். முகம் தெரியாத சீட்டாக இருந்தால் அவனிடம் ஒன்று சொல்லிவிட்டு இன்னொன்று செய்திருக்கலாம். இங்கே ஊரே பார்த்துக்கொண்டிருக்குமே.

மறுநாள் பள்ளிக்கூட மைதானத்துக்கு அவள் போய்ச் சேர்வதற்குள் வரிசை கட்டி நிற்க ஆரம்பித்திருந்தார்கள். குகொன்சாவுக்குப் பின்னால் கொஞ்சம் பேர், ருவஹேருவுக்குப் பின்னால் கொஞ்சம் பேர். பாதி ஊர் இன்னும் ஓரமாக நின்று, யார் எங்கே போகிறார்கள் என்று கண்ணால் அளந்துகொண்டிருந்தது. நிற்கிறவர்களும் பக்கத்து வரிசையைத்தான் திரும்பித் திரும்பிப் பார்த்தார்கள்.

அப்போதுதான் குனிஹிரா அவள் கண்ணில் பட்டாள். கூடவே நாற்று நட்டவள், பிரசவத்துக்குக் கைபிடித்தவள், உடன்பிறவா அக்கா. ருவஹேருவின் வரிசையில், தன் புருஷனுக்குப் பின்னால், மண்ணைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

இவளே அங்கே நின்றால் வேறு யார் மிச்சம் என்று கபஹுமா நினைத்தாள். எல்லாம் முடிந்துபோன மாதிரி இருந்தது. வீட்டில் இருக்கும் இரண்டு பிள்ளைகளையும், கீழ்ப்பாதித் தோட்டத்தையும் நினைத்துக்கொண்டாள். நடந்துபோய் ருவஹேருவின் வரிசைக் கடைசியில் நின்றாள்.

மைதானத்தில் ஒரு முணுமுணுப்பு எழுந்து அடங்கியது. குகொன்சா திரும்பிப் பார்த்தார். பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

அவளுக்குப் பின்னால் மூச்சுக் காற்று பட்டது. திரும்பினால், குகொன்சாவின் வரிசையில் நின்றிருந்த பெண் ஒருத்தி. அவளுக்குப் பின்னால் இன்னொருத்தி, அப்புறம் இன்னும் மூன்று பேர். எல்லோரும் அவள் வீட்டுக்கு வந்து காதோடு சொல்லிவிட்டுப் போனவர்கள்.

"ஏன்டி இங்க வந்தீங்க?"

"நல்லா இருக்குடி கதை! உனக்காகத்தான் அங்க நின்னோம். நீயே இங்க நிக்கிற, நாங்க மட்டும் அங்க நின்னு மில்லுக்காரன்கிட்ட ஏச்சு வாங்கணுமா?"

கபஹுமா சட்டென்று வரிசையை விட்டு ஒரு காலை வெளியே வைத்தாள். அதற்குள் அதிகாரி விசிலை ஊதிவிட்டார்.

"நின்னது நின்னபடி! இனிமே யாரும் நகரக் கூடாது!"

"ஐயா, நான் தப்பா வந்து நின்னுட்டேன், அந்தப் பக்கம்..."

"பஸ்ஸுல ஏறிட்டு ஊரு மாறிப் போச்சுன்னு சொல்ற மாதிரி இருக்கும்மா. நில்லு அங்கயே."

சிலர் சிரித்தார்கள். அதிகாரி ஒவ்வொரு தலையாகத் தொட்டு எண்ணிக்கொண்டு வந்தார். அவள் தலையிலும் கை வைத்தார். ஏழு தலை கூடுதலாக ருவஹேரு ஜெயித்தான். அவளையும் அவள் பின்னால் வந்தவர்களையும் சேர்த்தால் ஆறு பேர். ஆறு தலை இங்கிருந்து அங்கே போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று கணக்குப் போட அவளுக்குப் பள்ளிக்கூடம் தேவைப்படவில்லை.

கீழ்ப்பாதி? அதுவும் வரவில்லை. அறுவடை முடிந்ததும் ருவஹேரு ஆள் வைத்து மொத்தத் தோட்டத்தையும் சுற்றிச் செடி நட்டான். அவள் வழக்குப் போட்டாள். அவன் ரொம்ப நியாயஸ்தன் மாதிரி, "என் வழக்குல நானே உக்காரக் கூடாது" என்று எழுந்து வெளியே போய், தான் பொறுக்கி வைத்த துணைத் தலைவரை உட்கார வைத்தான்.

துணைத் தலைவர் தொண்டையைச் செருமினார். "அப்வோலி, அமோத்தி உனக்கு அநியாயம் பண்ணினார்னு சொல்ற. பண்ணினது தேர்தலுக்கு முன்னாலயா, பின்னாலயா?"

"முன்னாலேருந்தே பண்றாரு."

"அப்புறம் ஏன்மா அவரு பின்னால போய் நின்ன?"

"பாதி தர்றேன்னு சொன்னாரு."

"அதுக்குச் சாட்சி இருக்கா?"

"இல்ல."

"நீ நின்னதுக்கு ஊரே சாட்சி. வயித்தெரிச்சல் பட்டவ யாராவது அவனையே தலைவனாக்குவாளா?"

மண் அண்ணன் குடும்பத்துக்கே என்று தீர்ப்பு வந்தது. பிடிக்கவில்லையென்றால் மேல் கோர்ட்டுக்குப் போகலாம் என்றார்கள். மேல் கோர்ட்டுக்கும் அதேபோல ஒரு தலைவர் உண்டு. ஊர்த் தலைவர்களும் அவர்களுடைய ஆட்களும் வரிசையில் நின்று அவரைத் தேர்ந்தெடுத்திருந்தார்கள். அந்த வரிசையில் முதல் ஆளாக நின்றவன் ருவஹேரு.

வழியில் குகொன்சாவைப் பார்த்தாள். கும்பிட்டாள். அவர், "வா கபஹுமா" என்றார். அப்வோலி என்று சொல்லவில்லை. சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போய்விட்டார்.

தோட்டத்தைக் காலி பண்ண ஒரு வாரம் கொடுத்திருந்தார்கள். கபஹுமா முற்றிய குலை, பிஞ்சுக் குலை என்று பார்க்காமல் வெட்டித் தள்ளினாள். பிஞ்சை வெட்டினால் பால் பீறிட்டுக் கையெல்லாம் கறுத்தது. அவள் நிறுத்தவில்லை.

இலைகள் சலசலத்தன. கையில் கத்தியோடு குனிஹிரா வந்து நின்றாள். பக்கத்து மரத்துக் குலையை வெட்டி இறக்கினாள். இரண்டு பேரும் கொஞ்ச நேரம் வெட்டிக்கொண்டே இருந்தார்கள்.

"அக்கா, நீ வந்ததை யாராச்சும் பாத்தாங்களா?" என்று கபஹுமா கேட்டாள்.

"இல்லடி. ஓடைப் பக்கமா மறைஞ்சு மறைஞ்சுதான் வந்தேன்."

கபஹுமா தலையை ஆட்டிவிட்டு அடுத்த குலைக்குக் கத்தியை ஓங்கினாள்.