இந்த வருடம் யாருடைய முறை

இந்தக் காலத்து ஆட்களுக்குப் பிள்ளை பெறுவது வீடு கட்டுகிற மாதிரி ஆகிவிட்டது. இடம் பார்க்கிறார்கள், நேரம் பார்க்கிறார்கள், கையைப் பிசைகிறார்கள், கடைசியில் அடுத்த வருடம் பார்க்கலாம் என்று எழுந்து போய்விடுகிறார்கள். கொதிகலன்காரர் இதைப் பல நாளாக வாய்க்குள்ளேயே போட்டு மென்றுகொண்டிருந்தார். பொழுது விடியுமுன் வந்து, அடுப்பின் வாயைத் திறந்து, விறகுக் கட்டைகளைத் தள்ளிவிட்டு நிமிரும்போது இடுப்பில் ஒரு சொடுக்கு விழும். அந்தச் சொடுக்கோடுதான் அவருக்குப் பொழுது விடியும்.

அது சலவை ஆலை. ஊரிலுள்ள விடுதிகளின் படுக்கை விரிப்புகள் அங்கே மலைமலையாக வந்து இறங்கும். அவர் ஏற்றுகிற நீராவியில்தான் இஸ்திரிப் பெட்டிகள் சூடாகும். முப்பது பெண்கள் இரண்டு வரிசையாக நின்று தேய்ப்பார்கள். சோப்புக் காரத்தில் விரலிடுக்கெல்லாம் வெந்திருக்கும். மூன்றாவது மேஜை அவர் மருமகளுடையது. கல்யாணமாகி ஐந்து வருடம். மகனுக்கு வாரத்தில் மூன்று நாள்தான் வண்டி ஓட்டம். மற்ற நாளில் அவள் தேய்த்தால்தான் அடுப்பு எரியும்.

இரண்டு நாளைக்கு முன் அவள் விறகுக் குவியலுக்குப் பின்னால் குனிந்து வாந்தியெடுப்பதைப் பார்த்தார். ஆறு பிள்ளை பெற்ற வீட்டில் இருந்தவருக்கு விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. அந்தப் பக்கம் வந்த முதலாளியிடம் சும்மா இருக்க முடியாமல் சொன்னார்.

"என் மருமக முழுகாம இருக்கா மொதலாளி."

"அப்படியா. நல்ல சேதி பெரியவரே" என்று முதலாளி தோளில் தட்டிவிட்டுப் போனார். இரண்டு நாள் அந்தத் தட்டலைத் தோளில் சுமந்துகொண்டுதான் கிழவர் நடந்தார்.

இன்று நீராவி ஏறியும் பெட்டிகளின் 'உஸ்' சத்தம் வரவில்லை. எட்டிப் பார்த்தார். பெண்கள் மேஜைகளை விட்டு நடுவில் நின்றார்கள். வாசலில் முதலாளி.

"ஒரு நேரத்துல ஒருத்திதான் வயித்தைத் தள்ளிக்கிட்டு நிக்கலாம். இல்லைனா வேலை எப்படி நடக்கும்? இது எங்கப்பா காலத்து ஏற்பாடு. இந்த வருஷம் தையல்காரி முறை. நான் சொல்லல, நீங்களே எழுதி வெச்ச தாள்ல இருக்கு. இவ நடுவுல பூந்துட்டா. ஒண்ணு கலைச்சுட்டு வரட்டும், இல்ல வீட்டோட இருக்கட்டும். இல்லையா, தையல்காரி தன் முறையை விட்டுக் கொடுக்கட்டும். உங்களுக்குள்ள பேசிக்குங்க. அரை மணி நேரம்."

சொல்லிவிட்டு அறைக்குள் போய்விட்டார்.

"எந்தத் தாளு?" என்றார் கிழவர்.

மூத்த தேய்ப்புக்காரி டீ டம்ளர் வைக்கிற அலமாரியைத் திறந்தாள். நாலெழுத்து படித்தவள் என்பதால் எல்லாருக்கும் அவள் வாத்தியாரம்மா. கதவின் உள்பக்கம் ஒரு தாள் ஒட்டியிருந்தது. பென்சிலில் பெயர்கள், பக்கத்தில் வருடங்கள். யார் எந்த வருடம் கருத்தரிக்கலாம் என்ற வரிசை. ஒருத்திக்கொருத்தி சண்டை வரக்கூடாதென்று பெண்களே போட்டுக்கொண்டது.

மருமகள் அவர் முகத்தைப் பார்க்காமல் பேசினாள். "அடுத்த வருஷம் என் முறை மாமா. முந்திக்கிச்சு. வருஷம் பொறக்க மூணு மாசம்தான். இந்த யூனிபார்ம் தொளதொளன்னுதானே இருக்கு, மறைச்சிருப்பேன். நீங்க போய்ச் சொல்லிட்டீங்க."

கிழவருக்கு முகம் சுட்டது. சுட்டால் அவருக்குக் கோபம்தான் வரும். "எங்கிட்ட யாரு சொன்னீங்க? ரேஷன் கடை மாதிரி வரிசை போட்டுப் பெத்துக்கறீங்களே, வெக்கமா இல்ல? நாங்க யாரைக் கேட்டுப் பெத்தோம்? நான் ஆறு பெத்தேன்."

"எங்க பெத்தீங்க?" என்றாள் வாத்தியாரம்மா.

"செங்கல் சூளையில."

"சூளையில தங்கறதுக்கு அறை யாருக்குக் குடுத்தான்?"

கிழவருக்குத் தெரியும். வேலைக்கு எத்தனை கை என்று கேட்டுத்தான் அங்கே அறை. கை குறைந்தால் கூரைக்கு வெளியே படுக்க வேண்டியதுதான்.

"அவனுக்குக் கை வேணும், பெத்தீங்க. இவனுக்கு வயிறு வேணாம், நாங்க நிறுத்தி வெச்சிருக்கோம். உங்க இஷ்டத்துக்குப் பெத்தேன்னு சொல்லாதீங்கண்ணே."

நாலாவதோடு போதும் என்று அவர் மனைவி சொன்னது ஞாபகம் வந்தது. ஊர் என்ன சொல்லும் என்று அவர்தான் வாயை அடைத்தார். ஒவ்வொரு பிள்ளைக்கும் சூளைக்காரன் வந்து, "ரெண்டு கை வந்தாச்சா" என்று தோளில் தட்டிவிட்டுப் போவான். அந்தக் கைகளில் இரண்டு ஜோடி, கல் தூக்குகிற வயதுவரை இருக்கவில்லை. தட்டினது இதே தோளைத்தான்.

கிழிந்த விரிப்புகளைத் தைக்கிற தையல்காரி அலமாரிப் பக்கம் வந்தாள். மருமகள் இரண்டடி பின்வாங்கினாள்.

"மூணு வருஷமா இந்தத் தாளைப் பார்த்துட்டுதான் வீட்டுக்குப் போறேன்" என்றாள் தையல்காரி. "மாமியார் மலடிங்கறா. இன்னும் என் முறை வரலைன்னு அவகிட்ட எப்படிச் சொல்ல? இப்ப வந்திருக்கு, இன்னும் மூணு மாசம் பாக்கி இருக்கு. இதை நான் விட்டுக் குடுக்க மாட்டேன்." கொஞ்சம் மூச்சு வாங்கினாள். "இவளும் கலைக்க வேணாம்."

தாளைப் பிய்த்து மேஜையில் வைத்து, வருடங்களை எல்லாம் அடித்தாள். வாத்தியாரம்மாவிடம் பென்சிலைக் கொடுத்தாள். "எல்லார் பேருக்கும் நேரா இந்த மாசம்னு எழுது."

"என் பேரையும் போடுடி" என்றாள் அறுபது தாண்டிய கூட்டுகிற அம்மா. "நானும் முழுகாமதான் இருக்கேன். வேணும்னா வந்து சோதிச்சுப் பார்க்கட்டும்."

சிரித்தார்கள். களைத்த சிரிப்புதான். ஆனால் மருமகளும் சிரித்தாள்.

முதலாளி திரும்பி வந்தபோது தாளை நீட்டினார்கள்.

"என்ன இது?"

"இந்த மாசம் எங்க எல்லார் முறையும்தான்" என்றாள் வாத்தியாரம்மா. "யாரையும் நிறுத்தாம வேலை நடத்த வழி பண்ணுங்க. அதுவரைக்கும் பெட்டியத் தொட மாட்டோம்."

"சாயங்காலம் விரிப்பு போயாகணும். வெளியில வேலைக்கு எத்தனை பேரு நிக்கிறாங்க தெரியுமா?"

"அவங்களுக்கும் வயிறு இருக்கு மொதலாளி" என்றாள் தையல்காரி.

முதலாளி கிழவரைப் பார்த்தார். "பெரியவரே, நீங்க நீராவியை எறக்காதீங்க. நான் வேற ஆளைக் கொண்டுவரேன். மருமகளுக்கும் நல்ல புத்தி சொல்லுங்க." கை தோளுக்கு வந்தது. கிழவர் ஓரடி தள்ளி நின்றார். கை வெறும் காற்றில் இறங்கியது.

அவர் கொதிகலனிடம் போனார். எரிகிற கட்டைகளை ஒவ்வொன்றாக இழுத்துத் தண்ணீரில் அவித்தார். பெரிய வால்வைத் திருகி மூடினார். ஸ்பேனரால் மரையைக் கழற்றி, அதன் வட்டக் கைப்பிடியைத் தனியே எடுத்தார். அது இல்லாமல் யாரும் நீராவியைத் திறக்க முடியாது. சூடு இருந்தது. துண்டில் சுற்றினார்.

கதவோரம் மருமகள் நின்றாள். "நெஜமாவா மாமா?"

"நீங்க மத்தியானம் வரைக்கும் தாங்க மாட்டீங்க. பசி எடுத்தா ஒவ்வொருத்தியா பெட்டிகிட்ட போயிடுவீங்க. எத்தனையைப் பார்த்திருக்கேன்."

"அப்பறம் அதை ஏன் கழட்டறீங்க?"

"போனாலும் பெட்டி சுடக் கூடாதில்ல."

கைப்பிடியை அக்குளில் இடுக்கிக்கொண்டு வாசலைப் பார்த்து நடந்தார். இதெல்லாம் தேறாது என்றுதான் இன்னமும் நினைத்தார். பின்னால் பெட்டிச் சத்தம் கேட்கிறதா என்று வாசல்வரை காதைத் தீட்டிக்கொண்டே போனார். கேட்கவில்லை. முப்பது பெண்கள் ஒரே நேரத்தில் பேசுகிற சத்தம்தான் கேட்டது.