நாலு கிலோ குறைமாதப் பிள்ளை

1

இந்தக் கதை என் தங்கையிடமிருந்து திருடியது. திருடுவது இது இரண்டாவது தடவை.

முதல் வரி: 'கொட்டும் மழையில், கையில் குழந்தையோடு அவள்…' அடச்சீ, சீரியல் புத்தி. போகட்டும்.

2

பத்தொன்பது வருடமாக மணிலாவில் தொலைக்காட்சித் தொடர் எழுதுகிறேன். எங்கள் எழுத்தறையில் ஒரு வழக்கம் உண்டு. கதை முட்டிக்கொண்டு நின்றால் ஆளுக்கொரு வீட்டு ரகசியத்தைச் சொல்ல வேண்டும். கூட எழுதும் ரம்மெல் தன் அப்பாவின் சின்ன வீட்டைச் சொன்னான், அது தொடரில் எட்டு வாரம் ஓடியது. (அறையை விட்டு ஒரு சொல் வெளியே போகாது என்று சத்தியம் செய்துகொள்வோம். அப்புறம் நாடு முழுக்க ஒளிபரப்புவோம்.)

அன்று என் முறை. "என்னடி இசிதோரா, உங்க வீட்ல எல்லாரும் கோயில் சுரூபமா?" என்றாள் தலைமை எழுத்தாளர் ஃபெலி அக்கா. எல்லோரும் சிரித்தார்கள். எனக்கு ரோஷம் வந்துவிட்டது. தங்கை லுஸ்வியின் மகன் அவள் புருஷனுக்குப் பிறந்தவன் இல்லை என்று சொல்லிவிட்டேன்.

3

புருஷன் ஆர்செனியோ சரக்குக் கப்பலில் வேலை பார்ப்பவன். தொடரில் அவனை லாரி ஓட்டவிட்டேன், ஊரை மாற்றினேன். அவன் விடுப்பில் வந்துபோன கணக்கு இடிக்காமலிருக்கக் குறைமாதம் என்று சொன்ன பிள்ளை நாலு கிலோ இருந்ததை மட்டும் அப்படியே வைத்தேன். நல்ல விவரம், விட மனம் வரவில்லை.

விடுப்பில் வந்திருந்தவன் சோறும் கருவாடுமாக உட்கார்ந்து அதைப் பார்த்திருக்கிறான். பாதியில் எழுந்து தட்டை எறிந்தான். [இல்லை. கழுவிக் கவிழ்த்து வைத்தான்.]

லுஸ்வி போனில் அழுதாள். "அவரு ஒண்ணுமே பேசலக்கா. தொடர மட்டும் விடாம பாக்குறாரு. அந்தப் புருஷன் அடுத்து என்ன பண்றான்?"

"இன்னும் எழுதலடி."

"மன்னிக்கிற மாதிரி எழுதுக்கா. உன் கால்ல விழுறேன்."

4

அ. மன்னிக்கிறான்.
ஆ. அடிக்கிறான்.
இ. சொல்லாமல் கொள்ளாமல்…

'அ'வை எழுதிக்கொண்டு போனேன். "மன்னிச்சுட்டா அப்புறம் என்னத்தடி ஓட்டுறது?" என்றாள் ஃபெலி அக்கா. "பையனக் கூட்டிட்டுப் போய் ரத்தப் பரிசோதனை பண்ணட்டும்."

சண்டை போட்டேன் என்று எழுத ஆசைதான். போடவில்லை, அவள் கேட்டதை எழுதிக் கொடுத்தேன். நன்றாகவே எழுதினேன், பாவி.

அது ஒளிபரப்பான மறுநாளே ஆர்செனியோ பையனை மருத்துவமனைக்குக் கூட்டிப் போனான். நான் எழுதிய வசனத்தையே சொன்னானாம்: "வாடா தங்கம், சின்னதா ஒரு ஊசிதான்."

5

"இனிமே என்னை எழுதாதக்கா," என்றாள் லுஸ்வி. சரியென்றேன். அதற்கப்புறம்தான் இதை எழுத உட்கார்ந்தேன். எனக்கு வேறெதுவும் தெரியாது.

முடிவு அறிக்கை வியாழக்கிழமை வருகிறது. அதில் என்ன இருக்கும் என்று உங்களுக்கும் எனக்கும் தெரியும். உறையைப் பிரித்துப் படித்துவிட்டு ஆர்செனியோ பையனிடம் என்ன சொல்வான்? நான் எழுத மாட்டேன். எழுதினால் அதையே சொல்லிவிடுவான்.

நீங்கள் எழுதிக்கொள்ளுங்கள். பார்த்து எழுதுங்கள். பையனுக்கு ஒன்பது வயது. அப்பாவின் பக்கத்தில்தான் உட்கார்ந்திருப்பான்.