மல்காஸ் வெளியேறிய ஆட்டம்

எங்கள் ஊர் குத்தாயிசியில் மல்காஸ் என்று சொன்னால் ஜனங்களுக்கு முதலில் நினைவு வருவது அவன் காதுகள்தான். பிசைந்த மாவை உருண்டை பிடித்துத் தலையின் இரண்டு பக்கமும் ஒட்டி வைத்தது போல இருக்கும். அந்தக் காதுகள் அப்படி ஆனதில் எனக்கும் பங்குண்டு. ஆட்டத்துக்கு ஆட்டம் அவற்றில் ஒன்றின் மேல் என் தலை உரசிக்கொண்டிருந்தது.

ரக்பியில் ஸ்க்ரம் என்று ஒன்று. இந்தப் பக்கம் எட்டுப் பேர், அந்தப் பக்கம் எட்டுப் பேர், குனிந்து, ஒருவரை ஒருவர் கட்டிக்கொண்டு, ஆடு முட்டுவது போல முட்டித் தள்ள வேண்டும். முன்வரிசையில் மூன்று பேர். நடுவில் நான், தோர்னிக்கே. என் வலது பக்கம் மல்காஸ். என் இரண்டு கைகளும் இரண்டு பக்கத்து ஆட்களின் முதுகில் இருக்கும். அதனால் நான் விழுந்தால் ஊன்றுவதற்குக் கை கிடையாது, தலைதான் தரையில் படும். மல்காஸின் இடது கை என் சட்டையை இறுக்கிப் பிடித்திருக்கும். அந்தப் பிடியை நம்பித்தான் நான் குனிவேன்.

அவனுடைய அப்பா ஜும்பெர், போத்தி துறைமுகத்துக்கு லாரி ஓட்டியவர். பையனை மல்யுத்தத்தில் விட்டார். அங்கிருந்து அவனை ரக்பிக்காரர்கள் கொத்திக்கொண்டு போனார்கள். இருபது வயதில் பிரான்சின் தென்மேற்கில் ஒரு சின்ன ஊர் கிளப் அவனைக் கூப்பிட்டது. எங்கள் நாட்டு முன்வரிசைக்காரர்களுக்கு அங்கே எப்போதும் கிராக்கி. முதல் வருஷம் அவனுக்குத் தெரிந்த பிரெஞ்சு எல்லாம், நடுவர் ஸ்க்ரத்துக்கு முன்னால் சொல்லும் “குனி, பிடி, தள்ளு” மட்டும்தான். ரொட்டிக் கடையிலும் “பிடி” என்று சொல்லித்தான் காசை நீட்டினானாம். பதினான்கு வருஷம் அங்கே ஆடினான். நாட்டு அணிக்கு வரும்போதெல்லாம் என் பக்கத்தில் நின்றான். கடைசியில், ஓய்வு பெறுவதற்கு முன் இரண்டு பருவம் சொந்த ஊருக்கு ஆடலாம் என்று மனைவி லம்சீராவோடு திரும்பி வந்தான். லம்சீரா பல் மருத்துவர். எங்கள் அணியில் பாதிப் பேருக்குப் பல் கட்டியவள்.

இரண்டாம் பருவத்தில் இறுதி ஆட்டத்துக்கு வந்தோம். எதிரே திபிலிசி. எங்கள் மைதானம், மே மாதம், விடாத தூறல். தலைநகரத்துக்காரர்கள் ஓட்டத்தில் எங்களைவிடக் கெட்டி. எங்களிடம் இருந்த ஒரே ஆயுதம் ஸ்க்ரம்.

பிற்பாதியில் பயிற்சியாளர் ரேசோ, மல்காஸை உட்கார வைத்துவிட்டுப் பச்சானா என்ற இளைஞனை இறக்கினார். கொஞ்ச நேரத்தில் பச்சானாவின் கணுக்கால் முறிந்தது. அந்த இடத்தில் நிற்கத் தெரிந்தவன் வேறு யாரும் இல்லை. மல்காஸ் திரும்பவும் உள்ளே வந்தான். நாங்கள் நான்கு புள்ளிகள் பின்தங்கியிருந்தோம். எதிராளியின் கோட்டுக்குள் பந்தை ஒரு தடவை வைத்துவிட்டால் வெற்றி.

நடு மைதானத்தில் ஒரு ஸ்க்ரம். அவன் பிடி என் சட்டையிலிருந்து நழுவுவது தெரிந்தது. சரிந்து, எப்படியோ சமாளித்து எழுந்தோம்.

“என்னடா ஆச்சு?” என்றேன்.

“மழைடா. வழுக்குது.”

அடுத்த ஸ்க்ரம் நாங்கள் ஏங்கிக்கொண்டிருந்த இடத்திலேயே கிடைத்தது. அவர்கள் கோட்டுக்கு ஐந்து மீட்டர் முன்னால், பந்து எங்களுடையது. கூட்டம் முழுவதும் எழுந்து நின்று கத்திக்கொண்டிருந்தது. மல்காஸ் குனியவில்லை. இடது கையை முகத்துக்கு நேரே வைத்து, விரலை மடக்கி நீட்டிப் பார்த்துக்கொண்டிருந்தான். கீழே கிடந்த யாருடைய கையையோ எடுத்துப் பார்ப்பது போல.

“தோர்னிக்கே, கை இருக்கிறதே தெரியல.”

“எப்போலேர்ந்து?”

“போன தடவைலேர்ந்து.”

எங்கள் தலைவன் கேலா பின்னாலிருந்து கத்தினான். “ஒரே ஒரு தள்ளுடா மல்காஸ்! ஒண்ணே ஒண்ணு! அப்புறம் செத்துக்கூடப் போ!”

மல்காஸ் அவனைப் பார்க்கவில்லை. என் கழுத்தைப் பார்த்தான். பிறகு நடுவரிடம் நடந்து போய், வலது கையால் இடது தோளைத் தொட்டுக் காட்டி, முடியாது என்று தலையை ஆட்டினான்.

முன்வரிசைக்குப் பழகிய ஆள் இல்லையென்றால் ஸ்க்ரத்தில் தள்ளக் கூடாது. அதுதான் விதி. எட்டுப் பேரும் சும்மா கட்டிக்கொண்டு நிற்க, பந்து மட்டும் பின்னால் போகும். எங்கள் ஆயுதம் அதோடு போயிற்று. பந்தை எடுத்து மோதினோம், தடுத்துவிட்டார்கள். மறுபடி மோதினோம், பந்து கை நழுவியது. ஆட்டம் முடிந்தது. கூட்டத்திலிருந்து கேலி விசில். திபிலிசிக்காரர்களுக்கு இல்லை, மல்காஸுக்கு. அவன் தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்திருந்தான். ரேசோ அவனைத் தாண்டிப் போனார், திரும்பிப் பார்க்கவில்லை.

எனக்குக் கோபம் வரவில்லை. அந்தப் பிடி எப்படி இருந்தது என்று எனக்குத் தெரியும். ஆனால் ஊருக்கு அதை எப்படிச் சொல்லிப் புரியவைப்பது? சொல்லிப் பார்த்தேன். “நீ அவன் சிநேகிதன், அப்படித்தான் சொல்லுவே” என்றார்கள்.

சந்தையில் பாலாடைக்கட்டி விற்கும் எத்தேரி அவனைக் கண்டதும் கடை முழுக்கக் கேட்கும்படி சொன்னாள். “வாங்க மல்காஸ், வாங்க. ரெண்டு கிலோ இருக்கும், தூக்க முடியுமா? இல்ல நடுவரைக் கூப்பிடவா?”

“ஒரு கிலோ குடுக்கா. ரெண்டாவது கிலோவுக்கு மாற்று ஆள் இல்ல” என்றான் அவன். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். அவனும் சிரித்தான். வெளியே வந்ததும் சிரிப்பு நின்றது. பையை வலது கையிலேயே பிடித்துக்கொண்டு நடந்தான்.

ஊர் பேசியதைத் தாங்கிக்கொண்டான். அப்பா பேசாததுதான் அவனை வாட்டியது. ஜும்பெர் தினமும் மாலையில் மரத்தடியில் நார்தி ஆடுவார், பகடை உருட்டிக் காய் நகர்த்தும் ஆட்டம். அங்கே எவனோ, “உன் பையனுக்குக் கையில எறும்பு கடிச்சிருச்சாமே” என்று கேட்டுவிட்டான். அன்றோடு போவதை நிறுத்திவிட்டார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவர்கள் வீட்டில் சாப்பிட உட்கார்ந்தோம். மல்காஸ் ஸ்கேன் படத்தைக் கொண்டுவந்தான். கழுத்தில் ஒரு வட்டு பிதுங்கி நரம்பை அழுத்துகிறது, அறுவை செய்ய வேண்டும் என்று மருத்துவர் சொல்லியிருந்தார்.

ஜும்பெர் படத்தைத் தொடவில்லை. “படத்துல என்ன வேணாத் தெரியும். நான் காய்ச்சலோட மலைப்பாதையில லாரி ஓட்டியிருக்கேன். கழுத்து ஒடிஞ்சாலும் அந்த ஒரு தள்ளுக்கு நின்னிருக்கணும்.”

“ஒடிஞ்சா யாரு மாமா தூக்கிக்கிட்டு அலையறது?” என்றாள் லம்சீரா. “நீங்களா?”

“ஆம்பளைங்க பேசிக்கிட்டிருக்கோம்.”

“ஆம்பளைங்க பல்லெல்லாம் என் கையிலதான் இருக்கு. பாத்துப் பேசுங்க.”

மல்காஸ் ரொட்டியைப் பிய்த்துப் பிய்த்துத் தட்டின் ஓரத்தில் வைத்துக்கொண்டிருந்தான். பிறகு சொன்னான். “அப்பா, அறுவைக்கு முன்னாடி ஒரு வாரம் பிரான்ஸ் போறேன். நீயும் வா.”

ஊர் திரும்பிய பிறகும் கோடையில் அவன் அந்தப் பக்கம் போய் வருவது எல்லோருக்கும் தெரியும். அங்கே ஒரு நண்பன் இருக்கிறான் என்பார்கள், அதற்கு மேல் யாருக்கும் தெரியாது. ஜும்பெர் முடியாது என்றார். லம்சீரா டிக்கெட்டை வாங்கி அவர் சட்டைப்பையில் செருகிவிட்டாள். துணைக்கு நானும் போனேன்.

அந்த நண்பனின் வீடு ஊரின் ஓரத்தில், பிளம் தோட்டத்தை ஒட்டி இருந்தது. வாசலில் படி கிடையாது, சரிவாகச் சிமென்ட் பூசியிருந்தார்கள். உள்ளே சக்கர நாற்காலியில் பெரிய மீசையோடு ஒருவன். பெயர் காயெத்தான். மல்காஸைப் பார்த்ததும் உரக்கக் கத்தினான். மல்காஸ் மொழிபெயர்த்தான்: “நான் கெழவனாயிட்டேனாம். தொப்பையாம்.”

காயெத்தான் கழுத்துக்குக் கீழே அசைவற்றவன். வலது கையில் இரண்டு விரல் மட்டும் நகரும். அந்தப் பக்கத்து ரக்பி ஆட்டங்களை வானொலியில் வர்ணிப்பவன் அவன்தானாம். நாங்கள் கொண்டுபோன ஒயினை ஊற்றினோம். மல்காஸ் ஒரு உறிஞ்சு குழாயை எடுத்து அவன் கோப்பையில் போட்டான். அந்தக் குழாய் எந்த இழுப்பறையில் இருக்கும் என்பது அவனுக்குத் தெரிந்திருந்தது.

ஜும்பெர் எங்கள் வழக்கப்படி எழுந்து நின்று வாழ்த்துச் சொன்னார். விருந்தளிப்பவனுக்கு, அவன் வீட்டுக்கு, செத்துப்போன முன்னோர்களுக்கு, இன்னும் பிறக்காத பிள்ளைகளுக்கு. வெகுநேரம் போயிற்று. மல்காஸ் பிரெஞ்சில் நாலு வார்த்தை சொன்னான்.

காயெத்தான் புருவத்தை உயர்த்தி ஏதோ கேட்டான். “இவ்வளவு நேரம் பேசினது இவ்வளவுதானான்னு கேக்கறான்” என்றான் மல்காஸ். ஜும்பெர்கூடச் சிரித்துவிட்டார்.

அப்புறம் அவர் கேட்டார். “தம்பிக்கு எப்படி ஆச்சுன்னு கேளு.”

மல்காஸ் கேட்கவில்லை. அவனே பதில் சொன்னான். “ஸ்க்ரத்துல. இவன் பக்கத்து ஊர் அணி. எனக்கு இருபத்திரண்டு வயசு. இவனுக்கு எதிர்ல நின்னு தள்ளினது நான்தான், அப்பா. சத்தம் கேட்டுச்சு. வெளியில யாருக்கும் கேட்டிருக்காது. எனக்குக் கேட்டுச்சு.”

ஜும்பெர் கோப்பையை மெதுவாக வைத்தார். எனக்கும் அப்போதுதான் தெரியும்.

என்ன பேசுகிறோம் என்று காயெத்தானுக்குப் புரிந்துவிட்டது. நிதானமாகப் பேசினான், மல்காஸ் ஒவ்வொரு வரியாகச் சொன்னான். “என் மேல தப்பே இல்லைங்கறான். முந்தின ஸ்க்ரத்துலயே அவனுக்குக் கை மரத்துப் போச்சாம். சொல்லலாம்னு நினைச்சானாம். அவங்களுக்கும் அன்னைக்கு மாற்று ஆள் இல்ல. அதோட வேலிகிட்ட நின்னு அவங்கப்பா கத்திக்கிட்டிருந்தாராம். தள்ளு, தள்ளுன்னு.”

“இப்ப எங்கே அவர்?” என்றார் ஜும்பெர்.

“சந்தைக்குப் போயிருக்கார். வர்ற நேரம்தான்.”

வந்தார். ஒல்லியான கிழவர், பெயர் ஃபிர்மென். இரண்டு கையிலும் காய்கறிப் பை. எல்லோருக்கும் கை கொடுத்துவிட்டு மகனின் முதுகைத் தொட்டுப் பார்த்தார். நாற்காலியில் உட்கார்ந்தது போதும், படுக்கைக்கு மாற்ற வேண்டும். மல்காஸ் எழுந்தான். கையை வைத்துக்கொண்டு நீ தூக்கக் கூடாது என்று காயெத்தானே அதட்டினான். நான் எழுவதற்குள் ஜும்பெர் போய்விட்டார். ஃபிர்மென் எப்படிப் பிடிக்க வேண்டும் என்று சைகையில் காட்டினார். ஒருவர் தோள்பக்கம், ஒருவர் முழங்கால்பக்கம். இரண்டு கிழவர்களும் மூச்சை அடக்கித் தூக்கினார்கள். நடுவழியில் ஜும்பெரின் கால் கொஞ்சம் தடுமாறியது, ஃபிர்மென் அப்படியே நின்று, அவர் நிதானத்துக்கு வரும்வரை காத்திருந்தார். படுக்க வைத்ததும் தலையணையைச் சரிசெய்தது ஜும்பெர்தான். அப்புறம் தோட்டத்துக்குப் போய், ஒரு மரத்தடியில் எங்களுக்கு முதுகைக் காட்டி நின்றார். ஃபிர்மென் இரண்டு கோப்பையோடு அவரிடம் போனார். ஒருவர் மொழி ஒருவருக்குத் தெரியாது. ஆனாலும் நெடுநேரம் நின்றார்கள்.

திரும்பும் விமானத்தில், மேகத்தைப் பார்த்தபடியே ஜும்பெர் சொன்னார். “ரொம்பக் கனமா இருந்தாண்டா.”

அவர் மல்காஸின் இடது பக்கம் உட்கார்ந்திருந்தார். மகனின் மரத்த கையைத் தூக்கித் தன் மடியில் வைத்துக்கொண்டார்.

ஊருக்கு வந்த மறுநாள் நார்தி மேசைக்குப் போனார். அதே ஆள் ஏதோ தொடங்கினான். “நீ மொதல்ல உன் பையனைத் தூக்கிக் கட்டில்ல போட்டுட்டு வா. அப்புறம் என் பையனைப் பத்திப் பேசலாம். பகடையை உருட்டு” என்றாராம். அங்கே யாருக்கும் ஒன்றும் விளங்கவில்லை. விளக்கவும் இல்லை அவர்.

இலையுதிர்காலத்தில் அறுவை நடந்தது. கழுத்தில் இரண்டு எலும்பைச் சேர்த்துப் பிணைத்தார்கள். கை பெரும்பாலும் திரும்பி வந்தது. மல்காஸ் அதற்குப் பிறகு ஆடவில்லை. வழியனுப்பு ஆட்டம், மாலை, மேளம் எதுவும் நடக்கவில்லை. இரண்டு லாரி வாங்கிச் சரக்கு ஏற்றுகிறான். பச்சானாவின் கணுக்கால் தேறி, மறு வருஷம் அவன் நின்ற வரிசையோடு நாங்கள் கோப்பையை வென்றோம். அன்று மல்காஸ் கூட்டத்தோடு கூட்டமாக நின்று தொண்டை கிழியக் கத்தினான். எத்தேரி இன்னும் அவனைக் கேலி செய்வதை விடவில்லை.

ஒருநாள் ரியோனி ஆற்றுப் பாலத்தில் நின்றபோது கேட்டேன். “காயெத்தானுக்கு அப்படி ஆனப்புறம் எப்படிடா இத்தனை வருஷம் ஆடினே?”

“விட்டுடறேன்னு அவன்கிட்டயே போய்ச் சொன்னேன். நீயும் போயிட்டா சனிக்கிழமை ஆட்டத்துல நான் யாரைத் திட்டறதுன்னு கேட்டான்.”

“இப்ப நிஜமாவே விட்டுட்டே. எப்படி இருக்கு?”

கீழே தண்ணீர் வெள்ளைக் கற்களுக்கு நடுவே ஓடிக்கொண்டிருந்தது.

“கைதட்டல் ஞாபகம் வரல, தோர்னிக்கே. காசும் பேரும்கூட வரல. தள்ளறதுக்கு முன்னாடி ஒரு நொடி இருக்குமே, எல்லாரும் மூச்சை இழுத்துக்கிட்டு, ஒருத்தன் மேல ஒருத்தன் சாஞ்சு... அதுதான். காலையில எந்திரிச்சா சாயறதுக்கு ஆள் இல்லாத மாதிரி இருக்கு.”

“அதான் லம்சீரா இருக்காளே.”

“சாஞ்சு பாத்தேன். எந்திரிச்சுப் போய்ப் பல்லைத் தேய்ங்கறா.”

இருவரும் சிரித்தோம். குளிர ஆரம்பித்திருந்தது. காலர் பொத்தானை அவன் இடது கையாலேயே போட முயன்றான். நான் உதவிக்குப் போகாமல் காத்திருந்தேன். கொஞ்ச நேரம் பிடித்தது, போட்டுவிட்டான்.