இருபத்து மூன்று பேரின் பாஷை

எமில்டா அந்த நோட்டைச் சவப்பெட்டியில் கிடந்த தம்பியின் கைகளுக்கு அடியில் செருகிக்கொண்டிருந்தாள். ஜெபமாலை சுற்றிய விரல்கள் விறைத்திருந்ததால் எளிதில் நுழையவில்லை. ஒரு பக்கம் அழுத்தி, மறுபக்கம் இழுத்து, கடைசியில் சட்டைப் பொத்தான்களின் மேல் அதைப் படுக்கவைத்துவிட்டாள்.

யாரோ வற்புறுத்திக் கொடுத்த கடுங்காப்பியோடு குசினியிலிருந்து வந்த விஜிலா வாசற்படியிலேயே நின்றாள். பச்சை அட்டை. துறைமுகத்தில் இறங்கும் சரக்கைக் குறிக்கும் டாலி நோட்டு. அவள் கணவன் பெவின் அதில் ஒருநாளும் சரக்கை எழுதியதில்லை.

"அவன் ஆசையா வச்சிருந்தது. அவனோடயே போட்டும்," என்று எமில்டா கூடத்திலிருந்தவர்களிடம் சொன்னாள். அவள் கண்ணீரில் பொய்யில்லை. கப்பலில் வேலை பார்த்த அப்பாவின் பெட்டிக்குள் அவருடைய மௌத் ஆர்கனை வைத்தவளும் அவள்தான். இந்தக் குடும்பத்தில் அது வழக்கம். பெட்டிக்குள் வைத்ததை யாரும் வெளியே எடுப்பதில்லை என்பதும் வழக்கம்.

மணி மூன்று. மூன்றரைக்கு மூடிவிடுவார்கள். நான்கு மணிக்குக் கோயிலில் பூசை.

சுவரோரம் நின்றிருந்த சண்முகப்ரியா விஜிலாவின் பக்கத்தில் வந்தாள். நாசரேத்திலிருந்து இரண்டு பஸ் மாறி வந்திருந்தவள். பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். காலையிலிருந்து அவளை யாரென்று கேட்காத சொந்தக்காரர் இல்லை. பெவின் உருவாக்கிய பாஷையைப் பேசுகிறவள் என்று எப்படிச் சொல்வது? "கூட்டாளி" என்று மட்டும் சொல்லிவைத்திருந்தாள் விஜிலா.

"அக்கா, எங்ககிட்ட பாதி வார்த்தகூட கெடயாது," என்றாள் சண்முகப்ரியா மெதுவாக. "மிச்சம் பூரா அதுலதான். போட்டோ எடுத்து அனுப்புதேன்னு ஒவ்வொரு வாரமும் அண்ணன் சொல்லுவாவ."

விஜிலாவுக்குத் தெரியும். ஈரம் வற்றாத நூறு தீவுகளை அவன் கற்பனையில் கட்டினான். அங்கே குடியிருக்கும் மனிதர்களுக்கு வெசுரா என்றொரு பாஷை செய்தான். முதலில் அவன் மட்டும் பேசினான். பிறகு இணையத்தில் எழுதியதைப் படித்து ஒவ்வொருவராகச் சேர்ந்தார்கள். பிரேசிலில் ஒரு தபால்காரர், போலந்தில் ஒரு நர்ஸ், நாசரேத்தில் இவள். எல்லாமாக இருபத்து மூன்று பேர்.

வேலைக்குக் கிளம்புமுன் மொட்டைமாடியில் போனை வைத்துக்கொண்டு அவர்களோடு சிரிப்பான். அந்தச் சிரிப்பு வீட்டுக்குள் இறங்கி வந்ததேயில்லை. பதினான்கு வருடக் குடித்தனத்தில் அவளுக்கு ஒரு பெண் சக்களத்தியாக வந்திருந்தால்கூட முகத்தைப் பார்த்துச் சண்டை போட்டிருக்கலாம். ஒருமுறை இந்த நோட்டை அரிசி டிரம்முக்குள் மூன்று நாள் ஒளித்துவைத்தாள். அவன் கேட்கவில்லை. சாப்பிடும்போது தட்டையே பார்த்துக்கொண்டிருந்தான். நான்காம் நாள் எடுத்து மேசைமேல் வைத்தாள். அதற்கும் ஒன்றும் சொல்லவில்லை. அவன் அன்று ஏசியிருக்கலாம் என்று இப்போதும் தோன்றியது.

நேற்றுக் காலை, துறைமுகத்தில் கப்பல் கட்டும் பெர்த்தில் நின்றபடியே சரிந்துவிட்டான்.

காப்பியை ஜன்னலில் வைத்துவிட்டு விஜிலா பெட்டியருகே போனாள். குனிந்து, விறைத்த விரல்களுக்கு அடியில் கையை நுழைத்தாள். அந்தக் குளிர்ச்சி அவள் முழங்கைவரை ஏறியது.

"ஏளா! என்ன செய்யுத?" எமில்டா அவள் மணிக்கட்டைப் பிடித்தாள். "பெட்டில வச்சத எடுப்பாவளா?"

"நான் எடுக்கேன் மயினி."

"அவன் இருக்கும்போது இந்த நோட்டக் கண்டாலே ஒனக்கு ஆவாது. இப்ப என்னளா புதுசா பாசம்?"

அந்தக் கேள்வி சரியான இடத்தில்தான் பட்டது.

"ஆவாதுதான்," என்றாள் விஜிலா. "இப்பவும் ஆவாது. அதுக்காவ மண்ணுக்குள்ள போட்டுருவியளா?"

வாசலில் பந்தலுக்கு ஆள் பார்த்துக்கொண்டிருந்த பெவினின் அண்ணன் பாஸ்கல் உள்ளே வந்தார். "விஜிலா, விடும்மா. ஜெபக்கூட்டத்துல அத பேய்ப்பாஷைன்னு ஏற்கெனவே பேசுதாவ. வீட்டுல இருக்க வேண்டாம்."

"பேய் இருவது வருசமா உக்காந்து டிக்‌ஷனரி எழுதுமா அத்தான்?"

பெவினோடு வேலை பார்த்த கிரேன் ஆபரேட்டர் பின்னாலிருந்து சொன்னார்: "பேயாவது, ஒண்ணாவது. எங்கள அதுலதான் ஏசுவாவ. என்ன ஏச்சுன்னு தெரியாததால யாருக்கும் கோவமும் வராது." இரண்டொருவர் சிரித்து, உடனே வாயைப் பொத்திக்கொண்டார்கள்.

எமில்டாவின் பிடி தளர்ந்த அந்த நொடியில் விஜிலா நோட்டை உருவினாள். ஜெபமாலை நழுவியது. அதை மறுபடி அவன் விரல்களில் சுற்றி, சட்டையின் கசங்கலை உள்ளங்கையால் நீவிவிட்டாள். பிறகு சண்முகப்ரியாவைத் திரும்பிப் பார்த்தாள்.

"அந்தத் தீவுல செத்தா என்ன செய்வாவ?"

சண்முகப்ரியா பெட்டியருகே வந்தாள். "செத்தவங்க முடிக்காம வச்சதச் சத்தமா வாசிப்பாங்க அக்கா. ஒவ்வொண்ணுக்கும் யாராவது 'துமாரே'ன்னு சொல்லணும். நான் எடுத்துக்கிடுதேன்னு அர்த்தம். யாரும் சொல்லலன்னா பெட்டிய மூட மாட்டாங்க."

"வாசி."

"அம்மா விஜிலா, சாமியார் வந்தாருன்னா..." என்றார் பாஸ்கல்.

"வரட்டும் அத்தான். அவரு ஜெபத்த அவரு கோயில்ல சொல்லுவாரு. இது எம் வீடு."

சண்முகப்ரியா போனில் மற்றக் கூட்டாளிகளையெல்லாம் அழைத்து, ஸ்பீக்கரில் போட்டுப் பெட்டியின் விளிம்பில் வைத்தாள். நோட்டின் கடைசிப் பக்கங்களைப் பிரித்து வாசிக்கத் தொடங்கினாள். முதலில் நடுங்கிய குரல் மூன்றாவது வரியில் நிமிர்ந்தது. தொண்டையில் உருளும், பல்லில் மோதும் அந்தச் சொற்களை விஜிலா மாடிப்படியில் எத்தனையோ முறை ஒட்டுக்கேட்டிருக்கிறாள். ஒன்றுகூடப் புரிந்ததில்லை. இன்றும் புரியவில்லை. அவள் பெயர் எங்காவது வருகிறதா என்று காது தானாகத் தேடியது. வரவில்லை.

ஒரு வரி முடிந்ததும் போனிலிருந்து ஒரு பெண்குரல் வந்தது. "துமாரே." அடுத்ததற்கு ஒரு கிழவரின் இருமலும், பிறகு அதே சொல்லும். பிறகு இன்னொருவர். ஒரு குரலுக்குப் பின்னால் நாய் குரைத்தது. இன்னொன்று அழுதுகொண்டே சொன்னது. எங்கெங்கோ விடிந்தும் விடியாமலும் உட்கார்ந்திருந்தவர்கள், தூத்துக்குடியில் ஒரு கூடத்துக்குள் ஒவ்வொருவராக வந்து நின்றார்கள். தலையில் முக்காடிட்ட பெண்கள் போனையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒருத்தி பழக்கத்தில் "ஆமென்" என்றாள்.

முடிந்ததும் நோட்டை விஜிலாவிடமே நீட்டினாள் சண்முகப்ரியா. அவள் வாங்கிக்கொண்டாள். பெட்டியை மூடினார்கள்.

பூசையில் எமில்டா அவளருகே உட்காரவில்லை. விஜிலா நோட்டை மடியில் வைத்துக்கொண்டே முழங்காலிட்டாள், எழுந்தாள், மறுபடி முழங்காலிட்டாள். சாமியார் ஒருமுறை அதைப் பார்த்தார். பூசையைத் தொடர்ந்தார்.

கல்லறைத் தோட்டத்தில் கடல்காற்று மணலை வாரி முகத்தில் அடித்தது. பெட்டியைக் கயிற்றில் இறக்கினார்கள். மண் போட அவளைக் கூப்பிட்டார் உபதேசியார்.

"கொண்டா, நான் பிடிச்சிக்கிடுதேன்," என்று எமில்டா கையை நீட்டினாள். அழுது அழுது குரல் உடைந்திருந்தது.

விஜிலா அந்தக் கையைப் பார்த்தாள். பிறகு நோட்டைச் சேலைக் கொசுவத்தோடு சேர்த்து இடுப்பில் இறுக்கிச் செருகினாள். குனிந்து, இரண்டு கைகளாலும் மண்ணை அள்ளினாள்.